குஸ்பராவும் கொத்தமல்லியும்

அரபு மொழியில் கொத்தமல்லியைக் 'குஸ்பரா' என்பர். 'ஸாய்' எழுத்தைக் கொண்டும் எழுதலாம். 'ஸீன்' எழுத்தைக் கொண்டும் எழுதலாம். இரண்டும் வழக்கில் உள்ளவையே. மொரோக்கோ நாட்டார் அதனைக் 'கஸ்பூர்' எனத் திரித்து வழங்குவர். பழைய அகராதி ஆசிரியர்கள் இதனை 'அபாஸீர்' வகையில், அதாவது உணவுக்கு மணமூட்டும் விதைப்பொருள்களின் வரிசையில் வைத்தனர். அவர்களுள் சிலர், இது பிற மொழியிலிருந்து வந்து அரபு உடை உடுத்திக்கொண்ட சொல்லாய் இருக்கலாம் என்று ஐயமும் தெரிவித்தனர். அந்த ஐயத்துக்கு இடமுண்டு. அரபுச் சொல் ஒன்றை எடுத்துக்கொண்டால் அதன் வேரிலிருந்து வினையும் பெயருமாகக் கிளைகள் பல புறப்படும். ஓதிக் கொடுக்கும் எங்களுக்கு அதுவே அன்றாடப் பாடம். 'குஸ்பரா'வுக்கோ அத்தகைய உற்றார் உறவினரைக் காணோம். ஊருக்குப் புதிதாய்க் குடிவந்த ஒற்றை ஆளைப் போல் அகராதியில் அது தனித்து நிற்கிறது.

அந்த ஆள் எங்கிருந்து வந்தார் என்று தேடிப் புறப்பட்டால் வழி நெடுகிலும் அவருடைய சாயல் உடையவர்களைச் சந்திக்கிறோம். பாபிலோன் பகுதியில் களிமண் ஏடுகளில் எழுதிய அக்காத் மொழியில் 'கிஸிபிர்ரு' என்ற பெயர் காணப்படுகிறது. அரமேயத்தில் 'குஸ்பர்த்தா'. வடமொழியில் 'குஸ்தும்புரு', பாணினியின் இலக்கணத்திலேயே இச்சொல்லுக்கென ஒரு சூத்திரம் இருக்கிறது. கன்னடத்தார் 'கொத்தம்பரி' என்பர். தெலுங்கர் இலையைக் 'கொத்திமீர' என்பர். சிங்களத்தில் நம்முடைய 'கொத்தமல்லி' அப்படியே வழங்குகிறது. கடல் கடந்து மலாய் மொழிக்குச் சென்றால் 'கெத்தும்பார்'. இவையனைத்தும் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள் என்று அறுதியிட்டுரைக்க மொழிநூலார் இன்னும் துணியவில்லை. எனினும் இத்தனை முகங்களில் ஒரே மூக்கும் ஒரே நெற்றியும் தென்படும்போது, உறவில்லை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

தமிழில் 'கொத்து மல்லி' என்று பிரித்துக் கொத்தாய்ப் பூக்கும் மல்லி எனப் பொருள் கூறுவோர் உண்டு. கேட்பதற்கு இனிமையாய்த்தான் இருக்கிறது. பூக்கடையில் மல்லி கேட்டால் ஒன்றும், பலசரக்குக் கடையில் மல்லி கேட்டால் வேறொன்றும் கிடைப்பது நம் ஊர் வழக்கு. ஆனால் மல்லிகைக்கும் இச்செடிக்கும் குலத்தால் ஒட்டில்லை. இது சீரகம், சோம்பு ஆகியவற்றின் இனம். குடை விரித்தாற்போல் பூக்கும் செடி. அயலிலிருந்து வந்த சொல் நாவில் புரளாதபோது, தெரிந்த சொற்களைப் போல் அதனை வளைத்துக்கொள்வது மக்கள் இயல்பு. கொத்தமல்லியும் அவ்வாறு வளைந்த சொல்லே என்பது என் துணிபு. நம் மருத்துவ ஏடுகள் விதையை 'உருளரிசி' என்று அழைத்தனவே, அதுதான் கலப்பில்லாத தமிழ்ப் பெயர். உருண்டையான அரிசி! இதனினும் சுருங்கச் சொல்ல இயலுமா? அப்பெயர் வழக்கொழிந்து, வடசொல் வழிவந்த 'தனியா' பல ஊர்க் கடைகளில் நிலைத்துவிட்டது. தென்பாண்டிச் சீமையில் நாங்கள் இன்னும் மல்லி என்றே சொல்லுகிறோம்.

வேத நூல்களைப் பொறுத்தவரை ஒரு சொல். மூஸா நபியின் சமூகத்தார்க்கு இறங்கிய 'மன்னு' கொத்தமல்லி விதை போன்றிருந்ததென்று யூதரின் தவ்றாத்தில் வருகிறது. அங்கே அதன் பெயர் 'கத்'. குஸ்பராவோடு சேராத தனிச்சொல். நம் திருமறையில் மன்னும் ஸல்வாவும் கூறப்படுகின்றன, இவ்வுவமை இல்லை. அச்சமூகத்தார் சலிப்புற்றுக் கேட்ட பொருள்களின் வரிசையில் 'பக்ல்' என்னும் பொதுச்சொல்லால் கீரை வகைகள் குறிக்கப்படுகின்றன. மல்லித்தழையும் அதனுள் அடங்கும் எனலாம். பெயர் சொல்லி வரவில்லை. இதற்கு மேல் இழுத்துப் பேசுவோர் பேச்சில் எனக்கு உடன்பாடில்லை.

மாணவர்கள் 'குஸ்பரா' என்றதும் 'கொத்தமல்லி' என்று ஓரத்தில் குறித்துக்கொண்டு அடுத்த சொல்லுக்குப் போய்விடுவார்கள். அவர்களை நான் அங்கே சற்று நிறுத்துவதுண்டு. எந்தக் கொத்தமல்லி? பச்சையா, காய்ந்ததா? அரபுச் சமையல் நூலார் இவ்விரண்டையும் ஒருபோதும் குழப்பியதில்லை. 'ரத்பா' என்றால் ஈரமுள்ள பச்சைத் தழை. 'யாபிஸா' என்றால் உலர்ந்த விதை. பக்தாதைச் சேர்ந்த முஹம்மத் இப்னுல் ஹஸன் என்பார் 1226ஆம் ஆண்டில் 'கிதாபுத் தபீக்' என்றொரு சமையல் நூல் எழுதினார். தாத்தாரியர் அந்நகரை அழிப்பதற்கு 32 ஆண்டுகள் முன்பு எழுதியது. அதில் 'ஸிக்பாஜ்' என்னும் புளிக்காடி சேர்த்த இறைச்சி ஆணத்தின் செய்முறை இருக்கிறது. கொழுத்த இறைச்சியை நீரிலிட்டு, பச்சைக் கொத்தமல்லியும் இலவங்கப்பட்டையும் உப்பும் போட்டுக் கொதிக்கவைக்கச் சொல்கிறார். நுரையை வழித்தெடுத்த பின், பச்சைத் தழையை வெளியே எடுத்துவிட்டு, உலர்ந்த மல்லியைச் சேர்க்கச் சொல்கிறார். தழை இறைச்சியின் கவிச்சை வாங்குவதற்கு. விதை ஆணத்துக்கு மணம் கொடுப்பதற்கு என்று நான் விளங்கிக்கொள்கிறேன். ஒரே செடி, ஒரே சட்டியில், இரண்டு வேலைக்கு இரண்டு முறை!

நம் வீடுகளில் இது தலைகீழாக நடக்கிறது. விதையை முதலில் அரைத்துக் கூட்டுகிறோம்; தழையை இறக்கும் தறுவாயில் தூவி மூடிவைக்கிறோம். ஆணமாயினும் நோன்புக் கஞ்சியாயினும் தாளிச்சாவாயினும் கடைசியில் விழுவது அந்தப் பச்சைதான். அதன் மணம் எழும்பினால்தான் ஆக்கியவர்க்கு ஆக்கியது முடிந்த நிறைவு.

இங்கேதான் ஒரு வீட்டுச் செய்தியைச் சொல்ல வேண்டியிருக்கிறது. என் ராத்தாவின் மகனுக்குப் பட்டணத்தில் வளர்ந்த பெண்ணை நிக்காஹ் செய்துகொண்டு வந்தோம். அடக்கமான பெண்; ஓதியவள்; மாமியின் காலடி ஓசை கேட்டால் எழுந்து நிற்பவள். ஆனால் சஹனில் சோறு வைத்தால் மல்லித்தழையை ஒவ்வொன்றாய்ப் பொறுக்கி ஓரத்தில் ஒதுக்குவாள். முதல் மாதம் யாரும் பேசவில்லை. இரண்டாம் மாதம் அடுப்படியில் முணுமுணுப்பு எழுந்தது. ரமலானில், பள்ளிவாசலிலிருந்து வந்த கஞ்சியை அவள் வாய்வரை கொண்டுபோய்க் கீழே வைத்ததும் ராத்தாவுக்குப் பொறுமை போயிற்று. நோன்பு திறக்கும் நேரத்தில் கஞ்சியை மறுப்பது எங்கள் ஊரில் சிறிய செய்தியன்று. "பட்டணத்துச் செருக்கு" என்று வந்தவர் போனவரெல்லாம் சொல்லத் தொடங்கினார்கள். 'நம் கை பட்டதை அருவருக்கிறாள்' என்பது ராத்தாவின் மனத்தில் முள்ளாய்த் தைத்துவிட்டது. பெண்ணைச் சில நாள் தாய்வீட்டில் கொண்டுவிடலாம் என்கிற அளவுக்குப் பேச்சு வளர்ந்தது. அவ்வாறு 'சில நாள்' போன பெண்கள் பல ஆண்டு திரும்பாத கதைகளை நாம் அறிவோம்.

ஒரு நாள் அஸருக்குப் பின் என்னை அழைத்து உட்காரவைத்தாள்.

"தம்பி, நீ கிதாபு ஓதினவன். நீயே சொல்லு. ஆக்கிப் போட்டதை இப்படிக் கிளறிக் கிளறிப் பொறுக்கி வைத்தால், ஆக்கின கைக்கு என்ன மரியாதை?"

மருமகள் கதவோரம் நின்றிருந்தாள். நான் அவளிடம், "ஆணத்தில் போடுகிற மல்லித்தூளும் பிடிக்காதாம்மா?" என்று கேட்டேன்.

"இல்லை மாமா. மாமி அரைக்கிற ஆணம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். பச்சை இலை மட்டுந்தான். வாயில் வைத்தால் சவர்க்காரத்தைக் கடித்தது மாதிரி இருக்கிறது. எங்கள் வீட்டில் வாப்பாவுக்கும் அப்படித்தான்."

எனக்கு அந்த ஒரு விடை போதுமாயிருந்தது. தழையின் மணமும் விதையின் மணமும் ஒன்றல்ல. தழையில் மிகுந்திருப்பவை 'ஆல்டிஹைடு' என்னும் வகைப் பொருள்கள். அதே வகைப் பொருள்கள் சவர்க்காரத்திலும் சில பூச்சிகளின் வாடையிலும் உண்டு. விதையில் மிகுந்திருப்பது 'லினலூல்' என்னும் நறுமண எண்ணெய்ப் பொருள். லவண்டர் போன்ற பூக்களில் மணப்பதும் அதுவே. செடியில் காய் பச்சையாயிருக்கும்வரை தழையின் வாடையே அதற்கும் உண்டு. முற்றிக் காயக்காயத்தான் அது மறைந்து விதைக்கே உரிய மணம் மேலெழுகிறது. கிரேக்கர் இச்செடிக்கு இட்ட பெயரையே மூட்டைப்பூச்சியைக் குறிக்கும் சொல்லோடு இணைத்துப் பேசுவோர் மேற்கில் உண்டு. அவ்விளக்கம் ஐயத்துக்குரியது. ஆயினும் அப்படி விளக்கத் தோன்றியதே, அவ்வாடையைப் பொறாதவர் எக்காலத்தும் இருந்தனர் என்பதற்குச் சான்று.

அவ்வாடை எல்லா மூக்குக்கும் ஒன்றாய் எட்டுவதில்லை. 2012இல் வெளிவந்த ஒரு மரபணு ஆய்வு, மோப்ப உணர்வுக்குரிய ஒரு மரபணுவை ஒட்டிய மாறுபாடு உடையவர்க்குக் கொத்தமல்லித்தழை சவர்க்காரமாய் மணப்பது கூடுதல் என்று கண்டது. பரம்பரை ஒன்றே முழுக் காரணம் என்று அவ்வாய்வாளர்களும் கூறவில்லை, பழக்கத்துக்கும் பங்குண்டு. அதே ஆண்டில் கனடா நாட்டில் இளைஞரிடையே நடத்திய ஒரு கணக்கெடுப்பில், கிழக்காசிய வழியினருள் 100க்கு 21 பேர் இத்தழையை வெறுத்தனர். தெற்காசிய வழியினருள் 7 பேர். மத்தியக் கிழக்கு வழியினருள் 3 பேர். நம்மவர் 100 பேர் பந்தியில் அமர்ந்தால் ஏழு பேர் வாய் திறவாமல் விழுங்கிக்கொண்டிருக்கக்கூடும் என்று இதனைக் கொள்ளலாம்.

ஆல்டிஹைடு என்றெல்லாம் ராத்தாவிடம் பேசினால் எடுபடாது. அவளுக்குத் தெரிந்த வழியில் சொன்னேன். நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் முன் ஒருமுறை சுட்ட உடும்புக் கறி வைக்கப்பட்டது. இன்ன கறியென்று அறிந்ததும் கையை எடுத்துக்கொண்டார்கள். அது ஹராமா என்று காலித் இப்னு வலீத் (ரலி) அவர்கள் வினவ, இல்லை, தம் மக்கள் வாழும் மண்ணில் அது இல்லாததால் தமக்கு மனம் ஒப்பவில்லை என்ற கருத்தில் விடையளித்தார்கள். காலித் அவர்கள் அதைத் தம் பக்கம் இழுத்து உண்டார்கள். நாயகம் (ஸல்) அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். உணவில் அவர்கள் ஒருபோதும் குறை கூறியதில்லை. விரும்பினால் உண்பார்கள், இல்லையேல் விட்டுவிடுவார்கள் என்றும் அறிவிப்பு இருக்கிறது.

"இவள் குறை சொன்னாளா ராத்தா?" என்று கேட்டேன்.

ராத்தா சிறிது நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "வாப்பாவுக்கும் அப்படித்தான் என்று வந்த அன்றே சொல்லியிருந்தால் நான் ஏன் மனம் நோகிறேன்?" என்றாள். அதுவும் நியாயந்தான். புதுப்பெண் எதைத்தான் வந்த அன்றே சொல்ல முடியும் என்பதும் நியாயந்தான். அதன்பின் ஆணத்தில் தழை தூவுமுன் ஒரு கிண்ணம் தனியே எடுத்துவைக்கும் வழக்கம் அவ்வீட்டில் ஏற்பட்டது. தழையை நன்றாக நசுக்கி அரைத்துச் சற்று வைத்தாலும், ஆணத்தோடு நெடுநேரம் கொதிக்கவிட்டாலும் அவ்வாடை தணியும் என்று அறிந்ததால், ராத்தா சில நாள் பக்தாதுக்காரர் முறைப்படி தழையை முதலிலேயே போட்டு எடுத்தும் பார்த்தாள். மருமகள் அதை உண்டாள். ராத்தாவுக்குத்தான் பிடிக்கவில்லை, "வெந்த புல்லு" என்று சொல்லிவிட்டாள். விருந்தாளிகள் இன்னமும் கிண்ணத்தைப் பார்த்துப் புருவம் உயர்த்துகிறார்கள். அவர்களுக்கெல்லாம் விளக்கம் சொல்லும் பொறுப்பை ராத்தாவே ஏற்றுக்கொண்டிருக்கிறாள்.

நம் சமையல் அரபு நாட்டிலிருந்து வந்தது என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வோர் நம்மில் உண்டு. கொத்தமல்லியை வைத்துப் பார்த்தால் அப்பேச்சு நிற்பதில்லை. எகிப்தியர் 'முலூகிய்யா' என்னும் கீரையைச் சமைத்து, இறுதியில் உலர்ந்த மல்லித்தூளையும் பூண்டையும் நெய்யில் பொரித்து அதில் கொட்டுவர். 'தக்லிய்யா' என்று அதற்குப் பெயர். நாம் தாளிப்பது போன்றதே. ஆனால் நாம் கடுகு போட்டுத் தாளிக்கிறோம், மல்லித்தூளைத் தாளிப்பதில்லை. எமன் நாட்டார் பச்சைக் கொத்தமல்லி, பச்சை மிளகாய், பூண்டு, சீரகம் சேர்த்து அரைக்கும் 'ஸஹாவிக்' நம் துவையலின் உடன்பிறப்பு. அதில் தேங்காய் இல்லை, புளி இல்லை, அவ்வளவே. இவற்றுள் யார் யாரிடம் கற்றார்? கடலோடிகள் சரக்கோடு நாக்கையும் ஏற்றி இறக்கினார்கள். மிளகாயோ நம்மிருவருக்கும் அயலான். அமெரிக்கக் கண்டத்திலிருந்து போர்த்துக்கீசியர் காலத்தில் வந்தது. கொத்தமல்லி அவனுக்கு மூவாயிரம் ஆண்டு மூத்தது; மிஸ்ரு நாட்டு அரசன் தூத்தன்காமனின் கல்லறையிலேயே அதன் விதை கிடைத்திருக்கிறது.

வளைகுடா நாடுகளுக்குச் சென்ற நம் பிள்ளைகள் முதல் வாரத்தில் ஏமாறுவது கீரைக்கடையில். மல்லித்தழை என்று எண்ணிப் 'பக்தூனிஸ்' கட்டை வாங்கி வந்துவிடுவார்கள். பார்வைக்கு இரண்டும் இரட்டைப் பிள்ளைகள். கசக்கி முகர்ந்தால்தான் வேற்றுமை தெரியும். அரபியர் இலைச்சாயலைக் கொண்டு வேறொன்றுக்கும் இப்பெயரை இட்டிருக்கிறார்கள்: கிணற்றுச் சுவரின் ஈரத்தில் முளைக்கும் மென்மையான பெரணிச் செடிக்குக் 'குஸ்பரத்துல் பிஃர்', கிணற்றுக் கொத்தமல்லி! நம் ஊர்க் கிணறுகளில் நாம் எத்தனையோ முறை பார்த்த செடி. நமக்கு அதற்கொரு பெயர் வைக்கத் தோன்றவில்லை.

நம் ஆணத்துக்கு உடல் கொடுப்பது மல்லி. மிளகாய் ஒரு பங்கென்றால் மல்லி இரண்டு மூன்று பங்கு போட்டால்தான் ஆணம் கூடிவரும். விதையின் மேல்தோல் நீரை உறிஞ்சிக் குழம்பைத் திரளச் செய்கிறது. சுக்கும் மல்லியும் இடித்துக் காய்ச்சும் நீர் சளிக்கு நம் வீட்டுக் கைமருந்து. இலங்கையில் இஞ்சி சேர்த்துக் காய்ச்சுவர். வெறும் சட்டியில் வறுத்து அன்றன்றைக்கு அம்மியில் அரைத்த காலம் போய்விட்டது. அதற்காக நான் கண்ணீர் வடிக்கமாட்டேன். அம்மியில் தேய்ந்தவை பெண்களின் தோள்கள். ஆயினும் பொட்டலத் தூளைவிட, முழு மல்லியாய் வாங்கிக் காயவைத்து, வறுத்து, ஆலையில் திரித்துக்கொள்வது மேல். தூளில் எதைக் கலந்தாலும் கண்ணுக்குத் தெரியாது. சாணத்தூள் கலப்பதாகவும் அரசின் கலப்பட எச்சரிக்கைகளில் சொல்லப்பட்டிருக்கிறது. விதையிலும் நீர் தெளித்து எடை கூட்டுவோர் உண்டு. குவியலுக்குள் கைவிட்டுப் பார்ப்பது நபிவழியே. அளவுக்கு மீறிய பளிச்சென்ற நிறம் கந்தகப் புகை காட்டியதால் வந்ததாய் இருக்கலாம். இரு விரலால் தேய்த்தால் விதை இரண்டாய்ப் பிளந்து உடனே மணக்க வேண்டும்.

அவ்வாறு பிளந்த விதையைத்தான் விதைக்கவும் வேண்டும். நாம் விதை என்பது உண்மையில் இரண்டு விதை ஒட்டிய ஒரு கனி. விளாத்திகுளம், கோவில்பட்டிப் பக்கத்துக் கரிசல் காட்டில் ஐப்பசி மழையை நம்பி மானாவாரியாய் விதைப்பார்கள். அடியிலை அகன்றும், பூக்கும் தறுவாயில் மேலிலை நூல்போல் மெலிந்தும் இருக்கும். தெரியாதவர் இரண்டு செடி என்பர். காய் பழுத்து நிறம் மாறியதும், வெயில் ஏறினால் உதிர்ந்துவிடுமென்று, பனி ஈரம் காயுமுன் செடியோடு பிடுங்கிக் களத்தில் உலர்த்துவர். தை, மாசியில் அப்பக்கம் பேருந்தில் போகும்போது ஒரு காட்டில் பச்சை வாடையும் அடுத்த காட்டில் விதை மணமும் மாறி மாறி வரும். ராத்தாவின் மருமகளை அவ்வழியே ஒருமுறை அழைத்துப் போனார்கள். முதல் காட்டில் சன்னலை மூடினாளாம்; அடுத்த காட்டில் திறந்தாளாம்.